லுத்மீலா குர்ச்சென்கோ: ஒரு ருஷ்ய நடிகையின் ஐம்பத்தைந்து ஆண்டுகள்



"நீ விஞ்ஞான மாணவி ஆயிற்றே, அணுவைப் பற்றியோ விண்மீனைப் பற்றியோ எழுதிக் கொடு" என்றுதான் மலர்க்குழுவினர் கேட்டார்கள். நான் எழுத வந்திருப்பதோ ஒரு நடிகையைப் பற்றி. இது எப்படி நேர்ந்தது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

படிகங்களைப் பற்றிய பழைய சோவியத் ஆய்வேடுகளை மூலத்திலேயே படிக்க வேண்டும் என்ற ஆசையால், சென்ற ஆண்டு மாலை நேர ருஷ்ய வகுப்பில் சேர்ந்தேன். எழுத்துக்கள் இரண்டு வாரத்தில் பிடிபட்டன. காதுதான் பழகவில்லை. ஆசிரியை அம்மையார், "படம் பாருங்கள், தானே பழகும்" என்றார். மாஸ்பிலிம் நிலையம் தன் பழம்படங்கள் பலவற்றை இணையத்தில் இலவசமாகவே வைத்திருக்கிறது. தில்லிக் குளிரில் விடுதி அறையில் கம்பளிக்குள் முடங்கியபடி ஒவ்வொன்றாகப் பார்க்கத் தொடங்கினேன். ஆய்வுக்கூடத்தில் என் படிகம் வளர மறுத்த குளிர்காலம் அது. பதினொரு மாதம் முயன்றும் குடுவையின் அடியில் வெண்பொடிதான் தங்கியது. இரவில் படம் பார்ப்பது பாடமாகவும் இருந்தது, ஆறுதலாகவும் இருந்தது.

முதலில் பார்த்தது ஒரு புத்தாண்டுக் கேளிக்கைப் படம். அதில் கொடியிடையாள் ஒருத்தி கையில் மென்மயிர்க் கைப்பையோடு பாடி ஆடினாள். சில வாரங்கள் கழித்து வேறொரு படம் பார்த்தேன். அதில் புகைவண்டி நிலைய உணவகத்தில் தட்டேந்தி நிற்கும் நடுவயதுப் பெண் ஒருத்தி. குரலில் கரகரப்பு, கண்ணில் களைப்பு. பெயர்ப் பட்டியலைப் பார்த்தபோது திடுக்கிட்டேன். இருவரும் ஒருவரே! அந்த இரு முகங்களுக்கும் இடையே கடந்த ஆண்டுகளில் என்ன நடந்தது என்று தேடிப் படித்ததன் விளைவே இக்கட்டுரை.

லுத்மீலா குர்ச்சென்கோ 1935-ஆம் ஆண்டு நவம்பர் 12-ஆம் நாள் கார்கவ் நகரில் பிறந்தார். இன்று அது உக்ரேன் நாட்டின் கார்கிவ். தந்தை மார்க் பாயான் என்னும் பொத்தான் அக்கார்டியன் வாசிப்பவர். விழாவென்றால் அவர் வாத்தியம் இல்லாமல் நடக்காது. மகளை யார் வந்தாலும் எழுப்பி நிறுத்திப் பாடச் சொல்வார். நம் ஊரில் விருந்தினர் வந்ததும், "பாப்பா, ஒரு பாட்டுப் பாடிக் காட்டம்மா" என்று சொல்லும் அப்பாக்களை நாமறிவோம் அல்லவா? அவ்வினத்தைச் சேர்ந்தவர் அவர்.

1941-இல் போர் வந்தது. தந்தை தாமே முன்வந்து போர்முனைக்குச் சென்றார். அவ்வாண்டு அக்டோபரில் ஜெர்மானியப் படை கார்கவைக் கைப்பற்றியது. 1943 பிப்ரவரியில் நகரம் விடுபட்டு, மார்ச்சில் மீண்டும் வீழ்ந்து, ஆகஸ்டில்தான் முற்றாக மீண்டது. தாயும் ஆறு வயதுக் குழந்தையும் அந்நகரிலேயே அகப்பட்டுக் கொண்டார்கள். பசியும், பொதுவெளியில் தூக்கிலிடப்பட்டவர்களின் உடல்களும், உறைபனியும் கண்ட பருவம் அது. ஜெர்மானியச் சிப்பாய்கள் உண்ணும் இடத்தில் பாடியும் ஆடியும் கொஞ்சம் உணவு பெற்றதை அவரே பின்னாளில் ஒளிக்காமல் எழுதினார். அந்நூலுக்கு அவர் வைத்த பெயர் 'எனது வயதுவந்த குழந்தைப் பருவம்'. அது 1980-களின் தொடக்கத்தில் வெளிவந்தது. நடிகையின் சுயசரிதை என்றால் பட்டுப் புடவையும் பாராட்டு விழாவும் இருக்கும் என்று எண்ணிப் பிரித்தவர்கள் அங்கே ஒரு போரையும் ஒரு தந்தையையும் கண்டார்கள்.

பள்ளிப் படிப்பு முடிந்ததும் 1953-இல் மாஸ்கோ சென்று, அனைத்துச் சோவியத் அரசுத் திரைப்படக் கல்லூரியில் சேர்ந்தார். செர்கே கெராசிமொவ், தமாரா மகாரவா என்னும் தம்பதியர் அங்கு ஆசிரியர்கள். மாணவப் பருவத்திலேயே 1956-இல் 'உண்மையின் பாதை' என்ற படத்தில் சிறு வேடம் கிடைத்தது. அதே ஆண்டின் இறுதியில் வந்ததுதான் நான் முதலிற் கண்ட படம், 'கார்னிவல் இரவு'.

இப்படத்தைப் பற்றிச் சிறிது விரித்துச் சொல்ல வேண்டும். எல்தார் ரியாசானொவ் இயக்கிய முதல் கதைப்படம் இது. ஒரு கலை மன்றத்தில் புத்தாண்டு விழா. புதிதாக வந்த தலைவர் அகூர்த்சொவ், விழாவில் சிரிப்பே கூடாது என்று கருதும் பெரிய மனிதர். நீண்ட அறிக்கை வாசிக்க வேண்டும். செவ்வாய்க் கிரகத்தில் உயிர் உண்டா என்று ஒருவர் சொற்பொழிவாற்ற வேண்டும். முதியோர் வாத்தியக் குழு அடக்கமாக வாசிக்க வேண்டும். இவை அவர் ஆணை. மன்றத்து இளைஞர்கள் லேனா என்னும் பெண்ணின் தலைமையில் ஒவ்வொன்றையும் கவிழ்க்கிறார்கள். வானியல் பேச வந்தவர் குடிமயக்கத்தில் மேடை ஏறி ஆடத் தொடங்குகிறார். தாடி ஒட்டிய 'முதியவர்கள்' தாடியைப் பிய்த்தெறிந்து ஜாஸ் முழக்குகிறார்கள். தலைவராக நடித்த ஈகர் இல்யீன்ஸ்கி பெரும் நடிகர். நம் கல்லூரி விழாக்களில் வாழ்த்துரை வழங்கும் சில பெருமக்களை அவர் எனக்கு நினைவூட்டினார், பெயர் வேண்டாம். ஸ்டாலின் மறைந்து நான்கே ஆண்டுகள் ஆகாத நிலையில், உயரத்தில் இருப்பவரைப் பார்த்து ஒரு நாடே வாய்விட்டுச் சிரிக்கலாம் என்றானது சிறிய செய்தியன்று.

லேனாவாக நடித்தவர் குர்ச்சென்கோ. முதல் தேர்வில் அவர் தேறவில்லை. மாஸ்பிலிம் நிலையத்தின் தலைவர் இவான் பீரியெவ் அவரை நடைவழியில் கண்டு, மறுபடி ஒரு முறை சோதித்துப் பார்க்கச் சொன்னார். அதில்தான் வேடம் கிடைத்தது. இந்த நடைவழிச் சந்திப்பை வாசகர்கள் நினைவில் வைத்துக் கொள்ள வேண்டுகிறேன், பின்னால் வேண்டியிருக்கும். படத்தை ஏறக்குறைய 4 கோடியே 86 லட்சம் பேர் பார்த்தார்கள். அவ்வாண்டின் வசூலில் அதற்கே முதலிடம். 'ஐந்து நிமிடங்கள்' என்னும் அவரது பாட்டு இன்றும் அந்நாட்டில் ஆண்டுதோறும் டிசம்பர் 31 இரவில் ஒலிக்கிறது. அப்போது அவருக்கு வயது 21.

அடுத்த ஆண்டே இடி விழுந்தது.

புகழ்பெற்ற மாணவியைக் கச்சேரிக்கு அழைப்போர் பெருகினர். உதவித்தொகையில் வாழ்ந்த பெண் அழைத்த இடமெல்லாம் பாடி, உறையிலிட்ட பணத்தை வாங்கிக் கொண்டார். முறைப்படி அனுமதி பெறாத கச்சேரிகள் அவை. 1957-இல் செய்தித்தாள்கள் அவரை நையாண்டி செய்து எழுதின. பேராசை பிடித்தவள், இளைஞர்க்கு இழுக்கு என்றன. இதற்குப் பின்னணியாக இன்னொன்றையும் அவர் முதுமையில் கூறினார். அவ்வாண்டு மாஸ்கோவில் நடந்த உலக இளைஞர் விழாவில் வெளிநாட்டாரோடு பழகி உளவு சொல்லுமாறு தம்மைக் கேட்டதாகவும், தாம் மறுத்ததாகவும் சொன்னார். 1958-இல் அவருக்காகவே எழுதப்பட்டது போன்ற 'கித்தார்ப் பெண்' வந்தது. முதல் படத்தின் வெற்றி அதற்கு வாய்க்கவில்லை. 1959-இல் மகள் பிறந்தாள். மணவாழ்வு நிலைக்கவில்லை. அப்போது அவருக்கு என் வயது, 23.

இவ்விடத்தில் படிப்பதை நிறுத்திவிட்டு நான் வெகுநேரம் சன்னலைப் பார்த்துக் கொண்டிருந்தேன். இருபத்து மூன்று வயதில் ஒருத்தியின் கதை முடிந்துவிட்டது என்று ஒரு நாடே தீர்ப்பளித்திருக்கிறது. நானோ ஒரு குடுவைப் பொடியைப் பார்த்து, ஊருக்கு ரயில் ஏறிவிடலாமா என்று யோசித்துக் கொண்டிருந்தேன். வீட்டிலிருந்து தொலைபேசியில் அழைக்கும் அப்பா, "வேலை எப்படிம்மா போகுது?" என்று கேட்கும்போதெல்லாம் "போகுதுப்பா" என்று சொல்லிச் சொல்லி நாக்கு தழும்பேறியிருந்தது.

நிற்க. அதன்பின் வந்த ஆண்டுகளை அவரைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் இரண்டே வரியில் கடந்து விடுகிறார்கள். "பதினைந்தாண்டு மறக்கப்பட்டிருந்தார், பிறகு மீண்டு வந்தார்" என்பது அவர்கள் கணக்கு. பொறுத்தார் பூமி ஆள்வார் என்று சொல்ல இது வசதியான கதை. ஆனால் படங்களைத் தேடிப் பார்த்தால் கணக்கு அவ்வளவு எளிதாக ஒத்துவரவில்லை. அவ்வாண்டுகளிலும் அவர் நடித்துக் கொண்டுதான் இருந்தார். 1960-இல் 'ரொமானும் பிரான்செஸ்காவும்', 1961-இல் உக்ரேனில் எடுத்த ஒரு படம், 1964-இல் 'பல்சமீனவின் திருமணம்' என்னும் நகைச்சுவைப் படத்தில் சிறு வேடம். இடையிடையே ஊர் ஊராகக் கச்சேரிகள்.

1965-இல் வந்த 'தொழிலாளர் குடியிருப்பு' என்ற படத்தைக் குறிப்பாகச் சொல்ல வேண்டும். இயக்கியவர் விளாதிமிர் வெங்கெரொவ். போரில் கண்ணிழந்து குடியில் வீழ்ந்தவன் ஒருவன்; அவன் மனைவி மரியா. குர்ச்சென்கோ அந்த மனைவி. பாட்டில்லை, ஆட்டமில்லை, மினுக்கும் உடையில்லை. பிற்காலத்தில் அவரைப் பெரிய நடிகை என்று எல்லாரும் எதற்காகப் புகழ்ந்தார்களோ, அது முழுவதும் இப்படத்திலேயே இருக்கிறது. அதைக் கண்டு இயக்குநர்கள் வரிசையில் வந்து நின்றார்களா? இல்லை. மேலும் எட்டு ஆண்டுகள் கடந்தன. ஆகவே, திறமை முதிரக் காத்திருந்த காலம் என்று அதைச் சொல்ல என்னால் இயலவில்லை. திறமை முதிர்ந்து கண்ணெதிரே இருந்தும் பார்ப்பாரில்லாத காலம் என்பதே பொருத்தம். 'கித்தார்ப் பெண்' என்ற முத்திரை எல்லார் கண்ணையும் மறைத்துவிட்டது.

அம்முத்திரையை அழித்தவர் லெனின்கிராடு இயக்குநர் விக்தர் திரெகூபவிச். 1973-இல் எடுத்த 'பழைய சுவர்கள்' படத்தில், நெசவாலை ஒன்றின் இயக்குநரான அன்னா கியோர்கியெவ்னாவாக நடிக்க அவரை அழைத்தார். மெல்லிடைப் பாட்டுக்காரி ஆலைத் தலைவியா என்று கேட்டவர்கள் உண்டு. தலைமுடியை இறுக்கிக் கட்டி, கனத்த நடையோடு, ஆயிரம் பெண்களின் தொல்லைகளைத் தோளில் சுமக்கும் ஒருத்தியாக அவர் திரையில் வந்தபோது கேள்வி அடங்கியது. 1976-இல் அப்படத்துக்காக அரசுப் பரிசும் பெற்றார்.

பீரியெவின் நடைவழிச் சந்திப்பை நினைவில் வைக்கச் சொன்னேன் அல்லவா? இரண்டு முறையும் யாரோ ஒருவர் நின்று, மறுபடி ஒரு முறை பார்த்திருக்கிறார். விஞ்ஞானம் படிப்பவள் என்ற முறையில் இங்கே ஒரு எச்சரிக்கை சொல்ல வேண்டும். மீண்டு வந்தவர்களின் வரலாறுதான் எழுதப்படுகிறது. அதே கல்லூரியில் படித்து, அதே போல் ஒதுக்கப்பட்டு, யாரும் மறுபடி பார்க்காமலே போன நடிகையர் எத்தனை பேரோ! ஆய்வுக்கூடத்தில் தேறிய சோதனைகளை மட்டும் எண்ணி முடிவு சொன்னால் வழிகாட்டி ஏட்டைத் தூக்கி எறிவார். வாழ்க்கை வரலாற்றில் மட்டும் அவ்வாறு எண்ணலாமா?

அதன்பின் வேலை மழையாகப் பொழிந்தது. அதிலும் ஒரு சோதனை. 1976-இல் வெளிவந்த 'அம்மா' என்னும் இசைப்படத்தின் படப்பிடிப்பில், பனித்தளத்தின் மேல் விழுந்து கால் எலும்பு பல துண்டுகளாக முறிந்தது. குணமாகாத காலோடு 'வானத்துத் தூக்கணாங்குருவிகள்' என்ற தொலைக்காட்சிப் படத்தில் நடித்தார். தெரிந்து பார்த்தால்தான் ஒளிப்பதிவின் சூழ்ச்சி விளங்குகிறது.

தொலைக்காட்சி என்றதும் ஒரு வார்த்தை. திரைப்பட நடிகையர் சின்னத்திரைக்கு வருவதை இறக்கம் என்று கருதும் வழக்கம் நம்மிடம் நெடுநாள் இருந்தது. சோவியத் நாட்டில் நிலை வேறு. அங்கே தொலைக்காட்சிக்கென்றே நல்ல இயக்குநர்கள் இசைப்படங்கள் எடுத்தார்கள். 1974-இன் 'வைக்கோல் தொப்பி' அத்தகையது. 1978-இல் எவ்கேனி கீன்ஸ்பூர்க் அவர் ஒருவருக்காகவே ஒரு முழு நிகழ்ச்சி அமைத்தார். போர்க்காலப் பாடல்களை அவர் தொலைக்காட்சியில் பாடிய நிகழ்ச்சியும் ஒன்றுண்டு. கார்கவில் அந்தப் போரைக் கண்ட குரல் அது என்று அறிந்து கேட்கும்போது, பொருள் பாதி விளங்காத எனக்கே தொண்டை அடைத்தது.

பெரிய படங்கள் வரிசையாக வந்தன. அலெக்சே கெர்மனின் 'போரில்லாத இருபது நாட்கள்' (1976) படத்தில், சர்க்கஸ் கோமாளியாகப் புகழ்பெற்ற யூரி நிகூலினோடு ஒரு சொல்லும் உரக்கப் பேசாமல் நடித்தார். பியோத்தர் ததரோவ்ஸ்கியின் 'மெக்கானிக் கவ்ரீலவின் அன்புக்குரியவள்' (1981) படத்தில் மணக்கோலத்தில் பதிவு அலுவலக வாசலில் ஒரு முழுப்பகல் மாப்பிள்ளைக்காகக் காத்திருக்கிறார். காத்திருத்தல் ஒன்றே கதை, சலிப்பில்லை.

ஆயினும் என் நெஞ்சில் நின்றது 'ஐந்து மாலைகள்'. நிகீதா மிகல்கோவ் வேறொரு பெரிய படத்தின் இடைவேளையில், ஒரு மாதத்திற்கும் குறைந்த காலத்தில் எடுத்து முடித்த படம் இது. 1979-இல் வெளியாயிற்று. மூலம் அலெக்சாந்தர் வலோதினின் நாடகம். போருக்கு முன் காதலித்துப் பிரிந்தவர்கள் பதினேழு, பதினெட்டு ஆண்டுகளுக்குப் பின் ஒரு பகிர்வுக் குடியிருப்பின் அறையில் சந்திக்கிறார்கள். அவள் தமாரா, தொழிற்சாலையில் மேற்பார்வையாளர். தான் நிறைவாக இருப்பதாக நிமிர்ந்து நின்று சொல்கிறாள். சொல்லும்போதே கை மேசை விரிப்பின் சுருக்கத்தை நீவிக் கொண்டிருக்கிறது. பொய் என்று அந்தக் கைதான் நமக்குச் சொல்கிறது. அவன் இலீன்; தானும் பெரிய பதவியில் இருப்பதாகப் பொய் சொல்கிறான். அப்பாவிடம் நான் தொலைபேசியில் சொல்லும் "போகுதுப்பா" எந்த வகையைச் சேர்ந்தது என்று அன்றிரவு தெரிந்தது. பழுப்பு நிறத்திலேயே ஓடும் படம் இறுதியில், அவன் மடிமேல் தலை சாய்த்து உறங்க, அவள் இனிப் போர் மட்டும் வராதிருந்தால் போதும் என்று முணுமுணுக்கையில், மெல்ல வண்ணம் பெறுகிறது. வண்ணம் எந்த நொடியில் வந்தது என்று கண்டுபிடிக்க மூன்று முறை திருப்பிப் பார்த்தேன், பிடிபடவில்லை. பிறந்த நகரில் 2022 முதல் மீண்டும் குண்டு விழுவதை அறிந்த நமக்கு அந்த முணுமுணுப்பு வேறு விதமாகக் கேட்கிறது.

புகைவண்டி நிலைய உணவகப் படம் என்றேனே, அது ரியாசானொவின் 'இருவருக்கான நிலையம்'. 1983-இல் கான் விழாவின் போட்டிப் பிரிவில் இடம்பெற்றது. பியானோ கலைஞன் ஒருவன் (ஒலேக் பசிலஷ்விலி) வாயில் வைக்க முடியாத உணவுக்குக் காசு தர மறுக்கிறான், வண்டி போய்விடுகிறது, பரிமாறும் பெண் வேராவோடு பகை தொடங்குகிறது. சென்னையிலிருந்து ஒன்றரை நாள் ரயிலில் வந்து போகும் நமக்கு, நடைமேடை உணவின் மேல் அந்தக் கோபம் நன்கு விளங்கும். முதல் படம் தந்த அதே இயக்குநர், இருபத்தாறு ஆண்டுகளுக்குப் பின், அதே நடிகையின் கண்ணருகே சுருக்கங்களை மறைக்காமல் காட்டினார். மறைக்க வேண்டாமென்று அவரும் இசைந்தார் என்பதே எனக்கு வியப்பு. அவ்வாண்டே 'சோவியத் ஒன்றிய மக்கள் கலைஞர்' பட்டம் வந்தது.

நகைச்சுவையையும் அவர் விடவில்லை. விளாதிமிர் மென்ஷொவின் 'காதலும் புறாக்களும்' படத்தில், கிராமத்துக் கணவன் ஒருவனை மயக்கும் நகரத்துப் பெண் ரைசா சகாரவ்னா அவர். தொலைவுணர்வு, அதீத சக்தி என்று அரைகுறை விஞ்ஞானம் பேசியே அவனைக் கவிழ்க்கிறாள். செவ்வாய் கிரகச் சொற்பொழிவில் தொடங்கியவர் இங்கே வந்து சேர்ந்ததில் ஒரு விஞ்ஞான மாணவிக்கு இரட்டை இன்பம்!

சோவியத் ஒன்றியம் 1991-இல் கலைந்தபோது படத்தொழிலும் சிதறியது. அவர் மேடையிலும் தொலைக்காட்சியிலும் தொடர்ந்தார். 2000-இல் ரியாசானொவின் 'கிழட்டுக் குதிரைகள்'. 2009-இல் 'பல்வண்ண அந்தி' என்ற படத்தில் நடித்ததோடு, இயக்கத்திலும் இசையிலும் பங்கேற்றார். பார்வையற்ற இளம் இசைக்கலைஞன் ஒருவனின் கதை அது. 1965-இல் கண்ணிழந்தவனின் மனைவியாக நடித்தவர், நாற்பத்து நான்கு ஆண்டுகள் கழித்து இதைத் தேர்ந்தது தற்செயலாகவும் இருக்கலாம். 2011 பிப்ரவரியில் வீட்டருகே வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு முறிந்தது. மார்ச் 30-ஆம் நாள், 75-ஆம் வயதில் மாஸ்கோவில் காலமானார். நவதேவிச்சி இடுகாட்டில் அடக்கம் செய்தார்கள்.

என் படிகத்தைப் பற்றிச் சிலர் கேட்கக்கூடும். இன்னும் வளரவில்லை. கரைப்பானை மாற்றியிருக்கிறேன். சென்ற ஞாயிறு அப்பாவிடம், "போகலைப்பா, பொடியாத்தான் வருது" என்று உள்ளதைச் சொன்னேன். அவர் சிறிது நேரம் பேசவில்லை. பிறகு, "சாப்டியாம்மா?" என்று கேட்டார்.

பார்க்க விரும்பும் தோழர்களுக்கு ஒரு குறிப்பு. 'கார்னிவல் இரவு', 'காதலும் புறாக்களும்' இரண்டையும் சங்க அறையில் கூட்டமாகப் பாருங்கள், சிரிப்பு தொற்றும். 'இருவருக்கான நிலையம்' நீண்ட படம். தேர்வு முடிந்தபின் வைத்துக் கொள்ளுங்கள். 'ஐந்து மாலைகள்' மட்டும் தனியே பார்க்க வேண்டியது. விடுதிப் பொது அறையில் போட்டால் பாதியில் யாராவது வந்து கிரிக்கெட் எண்ணிக்கை கேட்பார்கள்.